குவைத் தேர்தல் முடிவைக் குலவாரியாகப் படிப்பது எப்படி?

முதலில் ஆண்டைப் பாருங்கள். 2008 தேர்தல் முதல் 25 தொகுதிகள் 5 ஆயின; தொகுதிக்கு 10 இடம், வாக்காளருக்கு 4 ஓட்டு. 2012 டிசம்பர் முதல் ஒரே ஓட்டு. இரண்டையும் அப்படியே ஒப்பிட்டால் கணக்கு தப்பும்.

அடுத்து 4, 5-ஆம் தொகுதிகள். குலங்களின் பலம் அங்கேதான். அல்-முதைரி, அல்-அஜ்மி, அல்-ஆஸ்மி என்று குலத்தைக் காட்டும் கடைசிப் பெயரை வைத்து வேட்பாளர்களைப் பிரித்து, தோற்றவர்களின் ஓட்டையும் சேர்த்துக் கூட்டுங்கள். ஓட்டு ஏராளம், இடம் குறைவு என்றால் வேட்பாளர்கள் பெருகி ஓட்டு சிதறியிருக்கும். அதைத் தடுக்கத்தான் குலத்துக்குள் முன்தேர்தல், அதாவது யாரை நிறுத்துவது என்று குலத்தவரே முன்கூட்டி ஓட்டுப் போட்டு முடிவுசெய்வது. 1998-இல் சட்டம் தடைசெய்தும் ஓயவில்லை.

குல எம்.பி. என்றாலே அரசு ஆதரவாளர் என்று எழுதிவிடாதீர்கள். எண்ணெய்ப் பணம் தரும் அரசு வேலையில் பங்கு கேட்பவரே அமைச்சரையும் விசாரிப்பார். எதிரணியின் முன்வரிசையில் நின்ற முஸல்லம் அல்-பர்ராக் முதைரி குலத்தவர்தான்.

2024 மே மாதம் நாட்டின் ஆட்சியாளரான அமீர் நாடாளுமன்றத்தைக் கலைத்ததால், அந்த ஏப்ரல் முடிவோடு உங்கள் அட்டவணையை நிறுத்துங்கள்.