பகை நாடுகளை உடன்பாட்டுக்குக் கொண்டுவருவது எப்படி: கேம்ப் டேவிட் காட்டிய வழி

சமரசம் செய்ய முன்வரும் நாடு, ஒவ்வொரு தரப்பும் வெளியே கேட்பது என்ன, உள்ளே அஞ்சுவது என்ன என்பதை முதலில் பிரித்தறிய வேண்டும். 1978 செப்டம்பரில், அமெரிக்க அதிபரின் ஓய்வில்லமான கேம்ப் டேவிட்டில் நடந்த பேச்சில், எகிப்து சினாய் தீபகற்பம் முழுவதையும் திருப்பிக் கேட்டது. 1967 முதல் அதைக் கைவசம் வைத்திருந்த இஸ்ரேலோ, எகிப்தியப் படை மீண்டும் எல்லையருகே வந்து நிற்கும் என்று அஞ்சியது. மண்ணை எகிப்துக்குத் திருப்பித் தந்து, அங்கே படைக்குக் கட்டுப்பாடு விதிக்கும் வழி இதிலிருந்துதான் பிறந்தது.

தலைவர்களை நேருக்கு நேர் உட்கார வைத்தே தீருவது என்று பிடிவாதம் பிடிக்கக் கூடாது. எகிப்து அதிபர் சதாத்தும் இஸ்ரேல் பிரதமர் பெகினும் தொடக்கத்திலேயே முட்டிக்கொண்டதால், அமெரிக்க அதிபர் கார்ட்டர் அவர்களைத் தனித்தனியே சந்தித்து, ஒரே வரைவை மாறி மாறிக் கொண்டுசென்று, ஆட்சேபம் எழுந்த இடங்களையெல்லாம் திருத்தி எழுதினார். இருபதுக்கும் மேற்பட்ட வரைவுகள் ஆயின. தன் வரைவை விட்டுக்கொடுப்பது தோல்வியாகத் தெரியும். நடுவர் எழுதிய தாளைத் திருத்துவதில் யாருக்கும் மானக்கேடு இல்லை. என் பார்வையில் கற்க வேண்டிய முதன்மையான பாடம் இதுவே.

செய்தியாளர்களை வெளியே நிறுத்துவதும் அவசியம். மனிதரையும் மறக்கக் கூடாது: பேச்சு முறியவிருந்த கடைசி நாளில், பெகினின் பேரக்குழந்தைகள் ஒவ்வொருவர் பெயரையும் எழுதிக் கையொப்பமிட்ட படங்களைக் கார்ட்டர் நேரில் கொடுத்தது இறுக்கத்தைத் தளர்த்தியது.

கையெழுத்துக்குப் பின் கண்காணிப்பு வேண்டும். ஐ.நா. படை கிடைக்காத நிலையில், 1982 முதல் சினாயில் தனிப் பன்னாட்டுப் படை நிற்கிறது. யார் அழைக்கப்படவில்லை என்பதையும் பார்க்க வேண்டும். பாலஸ்தீனர்களின் எதிர்காலம் பேசப்பட்ட அந்த இடத்தில் அவர்களின் பிரதிநிதிகள் இல்லை, உடன்பாட்டின் அந்தப் பகுதி இன்றுவரை நிறைவேறவும் இல்லை.