50 லட்சம் ரூபாய் வீடு கடைசியில் எவ்வளவு ஆகும்? வீட்டுக் கடனை நாமே கணக்குப் போட்டுப் பார்ப்போம்

போன மாதம் சித்தி மகன் வீட்டுக்கு வந்திருந்தான். தாம்பரம் பக்கம் ஒரு பழைய வீடு பார்த்து வைத்திருக்கிறான், விலை 50 லட்சம். "அண்ணே, 40 லட்சம் லோன் கிடைக்குது. மாசம் 34,713 ரூபாய்தான். இப்பக் குடுக்குற வாடகையோட இன்னொரு 15,000 சேர்த்தா முடிஞ்சுது" என்றான். மொத்தமாக எவ்வளவு கட்டுவாய் என்று கேட்டேன். "40 லட்சமும் கொஞ்சம் வட்டியும்."

அந்தக் கொஞ்சம், 43 லட்சம்.

அன்று ராத்திரி அவனோடு உட்கார்ந்து போட்ட கணக்கைத்தான் இங்கே எழுதுகிறேன். ஒரு தாள், பேனா, போனில் இருக்கும் கால்குலேட்டர் போதும். எக்செல் தெரிந்தால் வசதி, தெரியாவிட்டாலும் பாதகமில்லை. கணக்கு முழுவதும் அவனுடைய கடனை வைத்தே: 40 லட்சம், 8.5 சதவீத வட்டி, 20 வருடம். உங்கள் எண்களை அந்தந்த இடத்தில் போட்டுக்கொள்ளுங்கள்.

படி 1: தவணையை மாதங்களால் பெருக்குங்கள்

34,713 × 240 = 83,31,120. இதில் அசல் 40 லட்சம் போனால் வட்டி மட்டும் 43.31 லட்சம். இந்தப் பெருக்கலைப் போட அரை நிமிடம் ஆகாது. ஆனாலும் கையெழுத்துப் போடுவதற்கு முன்னால் இதைச் செய்தவர்களை நான் அதிகம் பார்த்ததில்லை.

படி 2: முதல் தவணையைப் பிரித்துப் பாருங்கள்

40,00,000 × 8.5 ÷ 1200 என்று அழுத்துங்கள். 28,333 வரும். அதுதான் முதல் மாத வட்டி. கட்டுகிற 34,713இல் இது போக மீதி 6,380 மட்டும் அசலில் கழியும்.

அடுத்த மாதம் நிலுவை 39,93,620. அதே கணக்கில் வட்டி 28,288, அசலுக்கு 6,425. அதாவது 45 ரூபாய் முன்னேற்றம்! இப்படியே ஒரு பன்னிரண்டு வரி கையால் எழுதிப் பாருங்கள். அலுப்பாகத்தான் இருக்கும், ஆனால் கடன் எப்படி நகர்கிறது என்பது அப்போதுதான் உறைக்கும். முதல் வருடம் 4.16 லட்சத்துக்கு மேல் கட்டியிருப்பீர்கள், அசலில் குறைந்தது சுமார் 79,600.

ஐந்து வருடம் கழித்து, 20.83 லட்சம் கட்டிய பிறகும் பாக்கி 35.25 லட்சம் நிற்கும். தவணையில் அசலின் பங்கு வட்டியின் பங்கைத் தாண்டுவது 143வது மாதத்தில்தான். கடன் பாதியாகக் குறைவதற்கு 166 தவணை, கிட்டத்தட்ட பதினான்கு வருடம்.

"வங்கிக்காரன் முதல்லயே வட்டியை எல்லாம் உருவிக்கிறான்" என்று பலரும் சொல்வார்கள். அப்படி இல்லை. நிலுவையில் இருக்கும் தொகைக்குத்தான் வட்டி. ஆரம்பத்தில் நிலுவை பெரிது, அதனால் வட்டியும் பெரிது. இதில் சூது ஒன்றும் இல்லை. ஆனால் இது புரிந்தால்தான் படி 6 புரியும்.

படி 3: காலத்தை மாற்றிப் பாருங்கள்

அதே 40 லட்சம், அதே 8.5 சதவீதம்:

15 வருடம்: தவணை 39,390, மொத்த வட்டி 30.90 லட்சம்
20 வருடம்: தவணை 34,713, மொத்த வட்டி 43.31 லட்சம்
30 வருடம்: தவணை 30,757, மொத்த வட்டி 70.72 லட்சம்

இருபதிலிருந்து முப்பதுக்குப் போனால் மாதம் மிச்சமாவது நாலாயிரத்துக்கும் குறைவு. அதற்குக் கொடுக்கிற விலை 27 லட்சம். சம்பளம் இழுபறியாக இருக்கிறது, வேறு வழியில்லை என்றால் 30 வருடம் எடுங்கள், தப்பில்லை. ஆனால் "தவணை கம்மி சார்" என்று யாரோ சொன்னதற்காக எடுக்காதீர்கள்.

வட்டி விகிதத்தில் அரை சதவீதம் குறைந்து 8 ஆனால் 20 வருடத்தில் 3 லட்சம் மிச்சம். பேரம் பேசத் தகுந்த தொகைதான்.

படி 4: மாறும் வட்டி என்ன செய்யும் என்று பாருங்கள்

இங்கேதான் நான் அடிபட்டேன், அதனால் கொஞ்சம் நீட்டிச் சொல்கிறேன்.

2019 அக்டோபருக்குப் பிறகு வங்கிகள் தரும் மாறும் வட்டி வீட்டுக் கடன்கள், ரெப்போ (ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குத் தரும் குறுகிய காலக் கடனின் வட்டி) போன்ற ஒரு வெளி அளவுகோலோடு கட்டப்பட்டவை. பெரும்பாலும் ரெப்போதான். அது ஏறினால் உங்கள் வட்டியும் ஏறும், மூன்று மாதத்துக்குள் உங்கள் கணக்கில் வந்து நிற்கும். 2020 மே முதல் இரண்டு வருடம் ரெப்போ 4 சதவீதத்தில் இருந்தது. 2022 மே மாதம் ஏறத் தொடங்கி 2023 பிப்ரவரியில் 6.5 ஆனது.

நான் கடன் வாங்கியது 2021இல், 7 சதவீதத்துக்கு. எந்த வங்கி என்பது வேண்டாம். தவணை மாதாமாதம் ஒரே தொகையாகப் போய்க்கொண்டிருந்தது. செய்தியில் வட்டி ஏறுகிறது என்று படித்தபோதெல்லாம், நமக்கு ஏறவில்லை போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன். வருமான வரிக்காக ஒருநாள் ஸ்டேட்மென்டை இறக்கியபோது 'மீதித் தவணைகள்' என்ற இடத்தில் இருந்த எண், நான் கடன் வாங்கிய அன்றைக்கு இருந்ததை விடப் பெரிதாக இருந்தது. இரண்டு வருடம் ஒழுங்காகக் கட்டியவனுக்குத் தூரம் கூடியிருக்கிறது.

எப்படி என்று பாருங்கள். 40 லட்சத்தை 7 சதவீதத்தில் 20 வருடத்துக்கு வாங்கினால் தவணை 31,012. ஒரு வருடம் கழித்து நிலுவை 39,04,842. அப்போது வட்டி 9.5 ஆகிவிட்டது என்று வையுங்கள்: 39,04,842 × 9.5 ÷ 1200 = 30,913. தவணையைத் தொடாமல் விட்டால் அசலுக்குப் போவது 99 ரூபாய். ஆமாம், தொண்ணூற்று ஒன்பது. இந்த வேகத்தில் கடன் முடிய இன்னும் அறுபது வருடம். பேரன் வந்து கட்டினால்தான் உண்டு. அதனால்தான் அந்தச் சமயத்தில் பலருக்குக் காலத்தோடு சேர்த்துத் தவணையையும் ஏற்றினார்கள்.

அவ்வளவு கூடப் போக வேண்டாம். நம் 8.5 சதவீதக் கடனில் ஒரு வருடம் கழித்து வட்டி ஒரே ஒரு சதவீதம் ஏறினாலும், தவணை மாறாவிட்டால் மீதி 228 மாதம் 285 ஆகும். 57 தவணை கூடுதல். ரூபாயில் 19 லட்சத்துக்கு மேல்.

2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி இதற்கு ஒரு விதி போட்டது. வட்டி மாறும்போது அதை உங்களிடம் சொல்ல வேண்டும். தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டிலும் கொஞ்சம் கொஞ்சமா என்று தேர்ந்தெடுக்கும் உரிமை உங்களுக்கு உண்டு. முடிந்தால் தவணையை ஏற்றச் சொல்லுங்கள். 2025இல் நடந்ததுபோல ரெப்போ இறங்கும்போது தலைகீழாகச் செய்யுங்கள்: தவணையைக் குறைக்க விடாமல் அப்படியே வைத்திருங்கள். நம் கணக்கில் முதல் வருட முடிவில் வட்டி 8.5இலிருந்து 8க்கு இறங்கினால், அதனால் மட்டும் 17 மாதம் குறையும்.

மூன்று மாதத்துக்கு ஒருமுறை ஸ்டேட்மென்டில் மீதித் தவணைகளின் எண்ணிக்கையைப் பாருங்கள். போன தடவை 210 என்றால் இப்போது 207 இருக்க வேண்டும். இல்லையென்றால் போன் போடுங்கள்.

படி 5: கடனுக்கு வெளியே போகும் பணத்தை எழுதுங்கள்

30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான கடனுக்கு வீட்டு மதிப்பில் 80 சதவீதம் வரைதான் வங்கி தரலாம். ஆக 10 லட்சம் கையிலிருந்து. தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7, பதிவுக் கட்டணம் 2, மொத்தம் 9 சதவீதம். 50 லட்சத்துக்கு 4.5 லட்சம். இதற்குப் பொதுவாக வங்கி கடன் தராது. புது அடுக்குமாடி வீட்டை பில்டரிடமிருந்து நேரடியாக வாங்கினால் விகிதம் குறையலாம், ஆனால் கட்டி முடியாத வீடு என்றால் ஜிஎஸ்டி உண்டு. அதையும் கேட்டுக்கொள்ளுங்கள்.

ப்ராசஸிங் ஃபீஸ், அதன் மேல் 18 சதவீத ஜிஎஸ்டி, வக்கீலின் லீகல் ஒப்பீனியன், இன்ஜினியரின் மதிப்பீடு, பத்திரத்தை ஒப்படைப்பதற்கான எம்ஓடி பதிவு எல்லாம் உண்டு. ஒவ்வொன்றும் சின்னதுதான், சேர்த்தால் ஒரு மாதச் சம்பளம்.

இதில் கவனிக்க வேண்டியது இன்ஷூரன்ஸ். "ஒரே ப்ரீமியம் சார், லோன்லயே சேர்த்துடலாம்" என்பார்கள். ஒரு லட்சம் ப்ரீமியத்தைக் கடனில் சேர்த்தால் மாதம் 868 ரூபாய்தான், 20 வருடத்தில் அது 2,08,000 ஆகிறது. குடும்பத்துக்குப் பாதுகாப்பு அவசியம், மறுக்கவில்லை. ஆனால் அவர்கள் நீட்டுகிற பாலிசியைத்தான் வாங்க வேண்டும் என்று கட்டாயம் இல்லை. வெளியே ஒரு டேர்ம் பாலிசியின் விலையைக் கேட்டுவிட்டு முடிவு செய்யுங்கள்.

இன்னும் கட்டி முடியாத வீடு என்றால் ப்ரீ இஎம்ஐ என்று ஒன்று வரும், அதாவது வங்கி அதுவரை விடுவித்த தொகைக்கு வட்டி மட்டும் கட்டுவது. 30 லட்சம் விடுவித்திருந்தால் மாதம் 21,250, முழுக்க வட்டி. அசலில் ஒரு பைசா குறையாது, வாடகையும் அந்தப் பக்கம் ஓடிக்கொண்டிருக்கும்.

2024 அக்டோபரிலிருந்து புது வீட்டுக் கடன் எல்லாவற்றுக்கும் கீ ஃபேக்ட் ஸ்டேட்மென்ட் என்ற தாள் கட்டாயம். வட்டியோடு வங்கி வாங்கும் கட்டணங்களையும் சேர்த்துப் போட்ட வருட விகிதமான ஏபிஆரும், தவணை அட்டவணையும் அதில் இருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிடும்போது விளம்பரத்தில் போட்ட வட்டியை விட்டுவிட்டு ஏபிஆரை ஒப்பிடுங்கள்.

தம்பியின் கணக்கு இப்போது: 10 லட்சம், 4.5 லட்சம், 83.31 லட்சம். சில்லறைச் செலவெல்லாம் சேர்க்காமலே 97.81 லட்சம். அவன் கொஞ்ச நேரம் பேசவில்லை.

படி 6: முன்கூட்டிக் கட்டினால் என்ன ஆகும்?

முதல் வருட முடிவில் ஒரே ஒரு தடவை 2 லட்சம் கூடுதலாகக் கட்டி, தவணையை மாற்றாமல் விட்டால் 26 மாதம் குறையும். வட்டியில் மிச்சம் சுமார் 7.1 லட்சம். அதே 2 லட்சத்தை 15வது வருட முடிவில் கட்டினால் மிச்சம் 97,000தான். படி 2இல் பார்த்த பெரிய நிலுவைதான் காரணம்.

மொத்தமாகப் புரட்ட முடியாதவர்கள் வருடத்துக்கு ஒரு தவணை அதிகமாகக் கட்டலாம். போனஸ் வரும் மாதத்தில் பலர் செய்வது இது. 20 வருடக் கடன் பதினேழு வருடம் ஆவதற்குள் முடிந்துவிடும், வட்டியில் 8 லட்சத்துக்கு மேல் மிஞ்சும். தனிநபர்களின் மாறும் வட்டி வீட்டுக் கடனுக்கு இதற்கு அபராதம் வாங்கக் கூடாது என்பது விதி. கட்டும்போது "காலத்தைக் குறையுங்கள், தவணையைக் குறைக்க வேண்டாம்" என்று எழுதிக் கொடுங்கள். சும்மா விட்டால் எதைக் குறைப்பார்கள் என்பது அவரவர் அதிர்ஷ்டம்.

ஆனால் ஆறு மாதச் செலவுக்கான பணம் கையில் இல்லாமல் இதில் இறங்காதீர்கள். கடனில் போட்ட காசை அவசரத்துக்குப் பொதுவாகத் திரும்ப எடுக்க முடியாது. கிரெடிட் கார்டு பாக்கியோ நகைக் கடனோ இருந்தால் அதை முதலில் அடைத்துவிடுங்கள், அங்கே பொதுவாக வட்டி அதிகம்.

படி 7: மறுபக்கத்தையும் எழுதுங்கள்

நியாயமாகப் பார்த்தால் 83 லட்சமும் இன்றைய ரூபாய் இல்லை. விலைவாசி வருடத்துக்கு 5 சதவீதம் ஏறினால், 20 வருடம் கழித்துக் கட்டும் 34,713 இன்றைய 13,000 ரூபாய்க்குச் சமம். வாடகையும் மிச்சம். அதனால் இந்தக் கணக்கைப் பார்த்துவிட்டு வீடே வேண்டாம் என்று ஓட வேண்டியதில்லை.

வரிச் சலுகையை மட்டும் பெரிதாக நம்ப வேண்டாம். நாம் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்கு வருடம் 2 லட்சம் வரை கழிவு என்பது பழைய வரி முறையில்தான். புதிய முறையில் இருப்பவர்களுக்கு அது கிடையாது. சம்பளக்காரர்கள் எதில் இருக்கிறீர்கள் என்று அலுவலகத்தில் கேட்டுக்கொள்ளுங்கள். கழிவு கிடைத்தாலும், 30 சதவீத வரம்பில் இருப்பவருக்கு 2 லட்சத்துக்கு மிஞ்சுவது சுமார் 62,000. முதல் வருட வட்டி 3.37 லட்சம்.

படி 8: கடன் முடிந்த பிறகு

கடைசித் தவணையோடு வேலை முடிவதில்லை. முழுக்கக் கட்டி முடித்த 30 நாளைக்குள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். வங்கியின் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் உங்களுக்கு இழப்பீடு. 2023 டிசம்பரிலிருந்து இது நடைமுறையில் இருக்கிறது. பத்திரங்களை வாங்கும்போது, கடன் வாங்கிய அன்று கொடுத்த பட்டியலை வைத்து ஒவ்வொன்றாகச் சரிபாருங்கள். அப்புறம் எம்ஓடியை ரத்து செய்யும் ரசீது ஆவணத்தை சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்துவிட்டு, ஒரு வில்லங்கச் சான்று போட்டு அந்தப் பதிவு ஏறியிருக்கிறதா என்று பாருங்கள்.

தம்பி வீட்டை விடவில்லை. 17 வருடத்துக்கு மாற்றிக் கேட்டிருக்கிறான், இன்ஷூரன்ஸைக் கடனில் சேர்க்க வேண்டாம் என்றும் சொல்லிவிட்டான். அந்தப் பன்னிரண்டு வரித் தாளை மடித்துப் பர்ஸில் வைத்துக்கொண்டு போனான்.