வீட்டுக் கடன் நோட்டீஸ் வந்த பிறகு செய்யும் தவறுகள்

தபால்காரர் கையெழுத்து கேட்டு நீட்டும் கவரை வாங்காமல் திருப்பி அனுப்பிவிட்டால் தப்பித்தோம் என்று நினைப்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள். முதல் தவறே அதுதான். ‘வாங்க மறுப்பு’ என்று எழுதித் திரும்பிய கவரும் பொதுவாகச் சேர்ப்பிக்கப்பட்டதாகவே கணக்கு. கெடு ஓடிக்கொண்டிருக்கும், உள்ளே என்ன எழுதியிருக்கிறது என்று மட்டும் உங்களுக்குத் தெரியாது.

தவணை 90 நாளுக்கு மேல் நின்றால் கணக்கு வாராக்கடன். அப்புறம் 2002ஆம் ஆண்டின் சர்ஃபேசி சட்டப்படி (கோர்ட்டுக்குப் போகாமலே அடமானச் சொத்தை எடுத்து விற்க வங்கிக்கு அதிகாரம் தரும் சட்டம்) 60 நாளுக்குள் பாக்கியைக் கட்டச் சொல்லி வங்கி நோட்டீஸ் அனுப்பும். இதை எதிர்த்து, இத்தகைய வழக்குகளை விசாரிக்கும் கடன் மீட்புத் தீர்ப்பாயத்துக்குப் போக முடியாது. ஆனால் ஆட்சேபம் எழுதித் தரலாம். வங்கி 15 நாளுக்குள் காரணத்தோடு பதில் சொல்ல வேண்டும். பலரும் கிளைக்குப் போய் மேனேஜரிடம் புலம்பிவிட்டு வருவார்கள், ஒரு வரி எழுதித் தர மாட்டார்கள். கணக்கு விவரத்தை வாங்கி உட்கார்ந்து பாருங்கள். கட்டிய தவணையெல்லாம் வரவில் இருக்கிறதா? தாமதத்துக்காக வட்டி விகிதத்தையே ஏற்றியிருக்கிறார்களா? ரிசர்வ் வங்கி விதிப்படி 2024இலிருந்து அபராதக் கட்டணம் மட்டும்தான் போடலாம், அந்தக் கட்டணத்தின் மேல் வட்டி போடக் கூடாது. பின்னால் வாதாட இந்த ஆட்சேபக் கடிதம்தான் கைகொடுக்கும்.

60 நாளில் பணம் கட்டாவிட்டால் அடுத்து, வாசல் கதவில் ஒட்டப்படும் சுவாதீன நோட்டீஸ், அதாவது வீட்டை வங்கி தன் வசம் எடுத்துக்கொண்டது என்ற அறிவிப்பு. இரண்டு செய்தித்தாள்களில் விளம்பரமாகவும் அது வரும். ‘ஒரு தாள்தானே, நாம் இன்னும் வீட்டுக்குள்தானே இருக்கிறோம்’ என்று விட்டுவிடுகிறார்கள். சட்டத்தின் கண்ணில் வங்கி சுவாதீனம் எடுத்தாகிவிட்டது. கடன் மீட்புத் தீர்ப்பாயத்தில் மனுப் போட அதிலிருந்து 45 நாள்தான். கதவில் ஒட்டியதைத் தேதியோடு போட்டோ எடுத்து வையுங்கள்.

சிவில் கோர்ட்டில் ஸ்டே வாங்கித் தருகிறேன் என்று சொல்லும் ஆள் எந்த ஊரிலும் கிடைப்பார். சர்ஃபேசி சட்டத்தின் 34ஆம் பிரிவு அந்த வழியை ஏறக்குறைய அடைத்துவிட்டது. நேராக உயர் நீதிமன்றத்தில் ரிட் போடுவதும் பெரும்பாலும் நாளைத்தான் தின்னும். தீர்ப்பாயம் இருக்கும்போது இத்தகைய மனுக்களை ஏற்க வேண்டாம் என்று 2010இலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. தமிழ்நாட்டில் சென்னை, மதுரை, கோவையில் தீர்ப்பாயங்கள் இருக்கின்றன. வெறுங்கையோடு போகாதீர்கள். தடை உத்தரவு கிடைத்தாலும், பாக்கியில் ஒரு பகுதியை இத்தனை நாளில் கட்டு என்ற நிபந்தனையோடுதான் பெரும்பாலும் வரும். அங்கே தோற்று மேல்முறையீடு போனால், கடன் பாக்கியில் பாதியை முன்பணமாகக் கட்ட வேண்டும். சலுகை கிடைத்தாலும் கால் பங்குக்குக் கீழே இறங்காது.

ஏலத்தன்று பணத்தைக் கொண்டுபோய்க் கட்டி வீட்டை மீட்டுக்கொள்ளலாம் என்பது பழைய கதை. 2016 திருத்தத்துக்குப் பிறகு ஏல அறிவிப்பு வெளியாகும் வரைதான் அந்த உரிமை. 2023இல் உச்ச நீதிமன்றமும் இதை உறுதி செய்தது. ‘பேசி முடிச்சுக்கலாம் சார்’ என்று வசூல் பிரிவிலிருந்து யாராவது சொன்னால், சரி, எவ்வளவு, எந்தத் தேதிக்குள் என்று வங்கியின் கடிதத் தாளில் எழுதி வாங்கிவிட்டுப் பணத்தைக் கட்டுங்கள்.