சாப்ளினுக்கு முந்தைய பிரிட்டிஷ் மௌனக் காமெடியை எங்கிருந்து, எப்படிப் பார்ப்பது?

பழசிலிருந்து வரிசையாக ஆரம்பிக்காதீர்கள், சலித்துவிடும். நேராக 1903-இல் வந்த 'மேரி ஜேன்ஸ் மிஷாப்' படத்துக்குப் போங்கள். நாலு நிமிடம்தான், பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிடியூட்டின் யூடியூப் சேனலில் இலவசமாகவே கிடைக்கிறது. எடுத்தவர் ஜி. ஏ. ஸ்மித், வேலைக்காரப் பெண்ணாக வருவது அவர் மனைவி லாரா பேய்லி.

முதல் தடவை கதைக்காகப் பாருங்கள். தூக்கக் கலக்கத்தோடு சமையலறைக்கு வருகிறாள், பூட்ஸ் துடைக்கும்போது கறுப்பு பாலிஷ் மீசை மாதிரி முகத்தில் ஒட்டிக்கொள்கிறது, அடுப்பு பிடிக்கவில்லை என்று மண்ணெண்ணெயை ஊற்றுகிறாள், அவ்வளவுதான், புகைபோக்கி வழியாக வானத்துக்கே போய்விடுகிறாள். வெடித்ததும் நிறுத்திவிடாதீர்கள், கல்லறைக் காட்சியைக் கட்டாயம் பார்க்க வேண்டும்.

இரண்டாம் தடவை அவள் முகத்தை மட்டும் கவனியுங்கள். கேமரா பெரும்பாலும் தள்ளியே நிற்கிறது, முகத்தில் ஏதாவது நடக்கும்போது மட்டும் பக்கத்தில் வருகிறது: மீசையைப் பார்க்கும்போது, நம்மைப் பார்த்துக் கண்ணடிக்கும்போது. அந்தக் கண்ணடிப்பில் நாமும் அவளுக்குக் கூட்டாளி ஆகிவிடுகிறோம், அதனால்தான் பின்னால் வரும் வெடிப்புக்கு அவ்வளவு சிரிப்பு வருகிறது. 1903-இலேயே இப்படி ஷாட் பிரித்திருக்கிறார்கள் என்பது எனக்கு இன்னும் ஆச்சரியம்தான்.

அடுத்து செசில் ஹெப்வொர்த்தின் 'எக்ஸ்ப்ளோஷன் ஆஃப் எ மோட்டார் கார்' (1900). கார் வெடிப்பது கேமராவை நிறுத்தி, பொருளை மாற்றிவைத்து, மறுபடி ஓடவிட்ட தந்திரம். ஆனால் பார்க்க வேண்டியது போலீஸ்காரரை. வானத்திலிருந்து விழும் கை கால்களை அவர் பதறாமல் பொறுக்கி அடுக்குகிறார், அந்த நிதானம்தான் காமெடி.

ஜேம்ஸ் வில்லியம்சனின் 'தி பிக் ஸ்வாலோ' (1901) சுமார் ஒரு நிமிடம்தான், அதைப் பெரிய திரையில் போடுங்கள். படம் பிடிக்கப்படுவதை விரும்பாத ஒருவர் கேமராவை நோக்கி நடந்து வந்து வாயைத் திறக்கிறார், திரை முழுக்க வாய்தான். எங்கே வெட்டி ஒட்டியிருக்கிறார்கள் என்று தேடிப் பாருங்கள்.

அப்புறம் வேகம். அந்தக் காலத்தில் கையால் சுற்றித்தான் படம் எடுத்தார்கள், நொடிக்குச் சுமார் 16 ஃபிரேம், அதாவது 16 தனிப்படங்கள். அதை இப்போது வழக்கமான 24-இல் ஓட்டினால் எல்லோரும் எறும்பு மாதிரி ஓடுவார்கள். அப்படித் தெரிந்தால் யூடியூபில் வேகத்தை 0.75 ஆக்குங்கள், நடை இயல்பாக இருந்தால் கைவைக்க வேண்டாம். பின்னால் சேர்த்த பியானோ இசையை முதல் தடவை மியூட் செய்துவிடுங்கள், எங்கே சிரிக்க வேண்டும் என்று அது முன்கூட்டியே சொல்லிவிடுகிறது.

குழந்தைகளோடு பார்ப்பதென்றால் ஹெப்வொர்த் கம்பெனியின் 'டில்லி' படங்களைத் தேடுங்கள். சுட்டிப் பெண்களாக வரும் அல்மா டெய்லரும் கிரிஸ்ஸி வைட்டும் பெரியவர்களைப் படுத்துகிற பாட்டைப் பார்த்தால், குழந்தைகள் ஒன்றோடு நிறுத்த விடமாட்டார்கள்.