டீசல் பிக்கப்பில் டைமிங் மார்க் வைப்பது எப்படி? முதல்முறை செய்பவர்களுக்கு

கிராங்க், கேம், டீசல் பம்ப் மூன்றையும் ஒத்துச் சுற்ற வைக்கும் டைமிங் பெல்ட்டைக் கழற்றி மாட்டுவது பெரிய வித்தை இல்லை. ஸ்பேனர் பிடிக்கத் தெரிந்தவர் யாரும் செய்துவிடலாம். மார்க் சரியாக உட்கார்ந்துவிட்டது என்று எந்தக் கட்டத்தில் நம்பலாம், அதில்தான் ஆட்கள் சறுக்குகிறார்கள். பெல்ட்டை மாட்டியதும் இந்த மூன்றின் பல்சக்கர மார்க்கும் நேராகத் தெரிந்தால் வேலை முடிந்தது என்று சாவியைப் போட்டுவிடுகிறார்கள். என்னைக் கேட்டால், கிராங்க்கைக் கையால் இரண்டு முழுச் சுற்று சுற்றிவிட்டு, மார்க்குகள் மறுபடியும் அதே இடத்துக்கு வந்தால்தான் நம்ப வேண்டும். இந்த விளக்கம் முழுக்க அந்த இரண்டு சுற்றை நோக்கித்தான் போகிறது.

முதலில் உள்ளே என்ன நடக்கிறது என்று பார்த்துவிடலாம். கிராங்க் என்பது பிஸ்டன்கள் சுற்றும் தண்டு, கேம் என்பது வால்வுகளைத் திறக்கும் தண்டு. நான்கு ஸ்ட்ரோக் என்ஜினில் கிராங்க் இரண்டு சுற்று சுற்றினால் கேம் ஒரு சுற்று சுற்றும். அதனால் கேம் பல்சக்கரத்தில் கிராங்க் பல்சக்கரத்தைப் போல இரண்டு மடங்கு பற்கள் இருக்கும். டீசல் பம்ப்பும், பழைய ரோட்டரி அல்லது இன்லைன் வகையாக இருந்தால், கேம் வேகத்திலேயே சுற்றும். டீசலில் ஸ்பார்க் பிளக் கிடையாது. பம்ப் எப்போது டீசலை உள்ளே அடிக்கிறதோ அதுதான் தீப்பிடிக்கும் நேரம். ஆகவே கிராங்க், கேம், பம்ப் மூன்றும் ஒத்துப்போக வேண்டும்.

ஒத்துப்போகாவிட்டால்? டீசலில் கம்ப்ரஷன் அதிகம். பழைய என்ஜின்களில் 20:1க்கு மேல் போகும், புதியவற்றில் 16:1 அளவில் இருக்கும். அதாவது பிஸ்டன் மேலே வந்து நிற்கும்போது ஹெட்டுக்கும் அதற்கும் நடுவில் மிச்சமிருக்கும் இடம் மிகக் கொஞ்சம். அந்த நேரத்தில் ஒரு வால்வு திறந்திருந்தால் பிஸ்டன் அதைத் தட்டும். வால்வு வளையும், வால்வை அழுத்தும் ராக்கர் உடையும், சில நேரம் பிஸ்டனே ஓட்டையாகும். ஒரு பல் தப்பினால் என்ன பெரிய வித்தியாசம் என்று தோன்றும். கணக்குப் போட்டுப் பாருங்கள்: கிராங்க் பல்சக்கரத்தில் 20 பல் என்று வைத்துக்கொண்டால், ஒரு பல் என்பது 360-ஐ 20-ஆல் வகுத்த 18 டிகிரி. டீசல் பம்ப் டைமிங்கை நாம் ஓரிரு டிகிரிக்குள் வைக்கப் பார்க்கிறோம். அங்கே 18 டிகிரி என்றால் எவ்வளவு தூரம்!

உங்கள் வண்டியில் இருப்பது பெல்ட்டா, செயினா, கியரா?

இதைத் தெரிந்துகொள்ளாமல் கவரில் கை வைக்காதீர்கள். பழைய டொயோட்டா ஹைலக்ஸின் 2எல், 3எல் என்ஜின்களில் பெல்ட். மிட்சுபிஷி எல்200-ல் வரும் 4டி56-ல் இரண்டு பெல்ட்: பெரியது டைமிங்குக்கு, உள்ளே இருக்கும் சின்னது பேலன்ஸ் ஷாஃப்டுக்கு. சின்னது தப்பினால் வால்வு வளையாது, ஆனால் வண்டி நின்ற இடத்திலேயே உதறும். நிசான் நவாராவின் ஒய்டி25-ல் செயின். இசுசு 4ஜேபி1-ல் கியர். இங்கே பெல்ட் வண்டியை வைத்து விளக்குகிறேன், வீட்டில் செய்யக்கூடிய வேலை அதுதான். செயினும் கியரும் எங்கே வேறுபடுகின்றன என்று இடையில் சொல்கிறேன்.

உங்கள் என்ஜினுக்குரிய சர்வீஸ் மேனுவல் கையில் இருக்க வேண்டும். மார்க் எங்கே இருக்கும், போல்ட்டை எவ்வளவு டார்க்கில் முறுக்க வேண்டும் என்பதெல்லாம் என்ஜினுக்கு என்ஜின் மாறும். ஒரே பெயரில் வந்த வண்டியில்கூட வருஷத்துக்கு வருஷம் மாறியிருக்கும்.

பிரிப்பதற்கு முன்

என்ஜின் நன்றாக ஆறியிருக்க வேண்டும். வண்டியைச் சமதளத்தில் நிறுத்தி, சக்கரத்துக்கு அடை வைத்து, கியரை நியூட்ரலில் விடுங்கள். பேட்டரியின் நெகட்டிவ் வயரைக் கழற்றி ஓரமாக ஒதுக்குங்கள். அப்புறம் எல்லா ஹீட்டர் பிளக்கையும் (ஸ்டார்ட் செய்யும் முன் சிலிண்டரைச் சூடாக்கும் பிளக்) கழற்றிவிடுங்கள். இதைப் பலர் வேண்டாத வேலை என்று விட்டுவிடுவார்கள். நான் விடச் சொல்ல மாட்டேன். பிளக் உள்ளே இருந்தால் கம்ப்ரஷன் எதிர்த்துத் தள்ளும், கிராங்க் ஒரு கட்டத்தில் இறுகி நின்று, பிறகு திடீரென்று வழுக்கி மார்க்கைத் தாண்டிப் போய்விடும். பிளக் இல்லாவிட்டால் கை சொன்ன இடத்தில் நிற்கும். இன்னொரு லாபம், பிஸ்டன் வால்வைத் தொட்டால் அந்த எதிர்ப்பு கைக்குத் தெளிவாகத் தெரியும். கழற்றிய துளைகளுக்குள் தூசி விழாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

ஃபேன் பெல்ட், கிராங்க் புல்லி, டைமிங் கவர் என்று வரிசையாகக் கழற்ற வேண்டும். கிராங்க் போல்ட் மிகவும் இறுக்கமாக இருக்கும். அதைத் தளர்த்த வண்டியை டாப் கியரில் போட்டு ஒருவரை பிரேக்கை மிதிக்கச் சொல்லலாம், அல்லது ஃப்ளைவீல் பூட்டும் கருவியைப் பயன்படுத்தலாம். டைமிங் பூட்டும் பின்களை இதற்குப் பயன்படுத்தக் கூடாது. அவை இடத்தைக் காட்டத்தான், பலத்தைத் தாங்க அல்ல. போல்ட் தளர்ந்ததும் மறக்காமல் நியூட்ரலுக்கு வந்துவிடுங்கள். புல்லியை இப்போதே எடுக்க வேண்டாம், முதலில் டாப், அதாவது முதல் சிலிண்டரின் பிஸ்டன் உச்சியில் நிற்கும் இடம், பிடிக்க வேண்டும்.

முதல் சிலிண்டரை டாப்புக்குக் கொண்டுவருதல்

கிராங்க் போல்ட்டில் சாக்கெட்டை மாட்டி, என்ஜின் வழக்கமாகச் சுற்றும் திசையிலேயே திருப்புங்கள். புல்லிப் பக்கம் நின்று பார்த்தால் பெரும்பாலும் கடிகாரத் திசை. கேம் போல்ட்டைப் பிடித்து என்ஜினைச் சுற்றாதீர்கள், பெல்ட் பல் தாண்டும். புல்லியில் இருக்கும் வெட்டு, கவரில் இருக்கும் முள்ளுக்கு நேராக வரும் வரை மெதுவாகத் திருப்ப வேண்டும். தாண்டிவிட்டால் அப்படியே பின்னால் இழுத்து நிறுத்தாதீர்கள். நன்றாகப் பின்னால் போய், மறுபடி முன்னால் வந்து நிறுத்துங்கள். அப்போதுதான் பெல்ட்டின் தளர்வு எப்போதும் ஒரே பக்கம் இருக்கும்.

புல்லியில் ஒன்றுக்கு மேல் வெட்டு இருக்கலாம். ஒன்று டாப்புக்கு, மற்றது டீசல் அடிக்கும் டிகிரிக்கு. எது எது என்று மேனுவலில் பாருங்கள். இன்னொரு பொறியும் உண்டு. பல புல்லிகள் நடுவில் ரப்பர் வைத்து இரண்டு துண்டாகச் செய்தவை. ரப்பர் பழசானால் வெளி வளையம் நழுவி, வெட்டு பொய் சொல்லும். அதற்குப் பின்னால் இருக்கும் சின்ன பல்சக்கரம் சாவிக்கட்டையால் கிராங்க்கோடு பூட்டப்பட்டது. அதில் இருக்கும் மார்க்கைத்தான் நான் கடைசி வார்த்தையாக எடுத்துக்கொள்வேன். சில என்ஜின்களில் ஃப்ளைவீல் ஜன்னலிலும் மார்க் உண்டு.

புல்லி மார்க் நேரானால் மட்டும் போதாது. இரண்டு சுற்றில் ஒருமுறைதான் அது கம்ப்ரஷன் டாப், இன்னொரு முறை எக்ஸாஸ்ட் டாப். கேம் பல்சக்கரத்தின் மார்க்கும் அதற்குரிய இடத்தில் இருக்கிறதா பாருங்கள். இல்லாவிட்டால் கிராங்க்கை இன்னும் ஒரு முழுச் சுற்று திருப்புங்கள். டாப்பட் கவர் திறந்திருந்தால் இன்னும் நல்லது: முதல் சிலிண்டரின் இரண்டு ராக்கரும் லேசாக ஆடினால் இரண்டு வால்வும் மூடியிருக்கின்றன, அது கம்ப்ரஷன் டாப். 1-3-4-2 வரிசையில் ஓடும் நான்கு சிலிண்டர் என்ஜினில் அந்த நேரம் நான்காவது சிலிண்டரில் ஒரு வால்வு மூடிக்கொண்டும் மற்றது திறந்துகொண்டும் இருக்கும்.

சரி, இப்போது கிராங்க் அசையாமல் புல்லியையும் கீழ்க் கவரையும் எடுத்துவிடலாம். துணியால் துடைத்து, மூன்று பல்சக்கர மார்க்கையும் அதற்கு நேரான உடல் மார்க்கையும் வெள்ளைப் பெயிண்ட் பேனாவால் தொட்டு வையுங்கள். பழைய பெல்ட்டிலும் அதே இடங்களில் கோடு போட்டு, கேமுக்கும் பம்ப்புக்கும் நடுவில் எத்தனை பல், பம்ப்புக்கும் கிராங்க்குக்கும் நடுவில் எத்தனை பல் என்று எண்ணி எழுதிக்கொள்ளுங்கள். ஒரு போட்டோவும் எடுத்துவிடுங்கள், நேர் எதிரே நின்று. சாய்ந்து எடுத்த போட்டோ அரைப் பல் ஏமாற்றும்.

பெல்ட்டைக் கழற்றும் நேரம்

பெல்ட்டை இறுக்கிப் பிடிக்கும் டென்ஷனரைத் தளர்த்தி பெல்ட்டை உருவும்போது கேம் சக்கரம் டக்கென்று ஒரு பக்கம் துள்ளும். பயப்பட வேண்டாம். வால்வு ஸ்ப்ரிங்குகள் கேமை எப்போதும் தள்ளிக்கொண்டே இருக்கின்றன, பிடித்து வைத்திருந்த பெல்ட் போனதும் அது தனக்கு வசதியான இடத்துக்குப் போகிறது. பம்ப் சக்கரமும் உள்ளே இருக்கும் ஸ்ப்ரிங்கால் இப்படித் துள்ளலாம். மார்க்கிலிருந்து கொஞ்சம்தான் விலகியிருக்கும். சக்கரத்தின் போல்ட்டில் ஸ்பேனர் போட்டு, துள்ளிய வழியே மெதுவாகத் திருப்பிக் கொண்டுவாருங்கள். சுற்றிக்கொண்டு மறுபக்கமாக வராதீர்கள், வால்வு பிஸ்டனில் இடிக்கும். பெல்ட் இல்லாத நேரத்தில் கேமை நிறையத் திருப்ப வேண்டிய கட்டாயம் வந்தால், முதலில் கிராங்க்கை டாப்பிலிருந்து 90 டிகிரி பின்னால் கொண்டுபோங்கள். நான்கு சிலிண்டர் என்ஜினில் அப்போது எல்லா பிஸ்டனும் நடு உயரத்தில் நிற்கும்.

இவ்வளவு பிரித்தபிறகு டென்ஷனர், ஐட்லர் பேரிங், கிராங்க் ஆயில் சீல், பெல்ட் சுற்றும் வாட்டர் பம்ப் ஆகியவற்றையும் மாற்றிவிடுங்கள். ஆயிலோ கூலன்ட்டோ பட்ட பெல்ட் சீக்கிரம் போய்விடும்.

புது பெல்ட்டை மாட்டுதல்

புது பெல்ட்டை மடிக்காதீர்கள், முறுக்காதீர்கள், ஸ்க்ரூ டிரைவரால் நெம்பி ஏற்றாதீர்கள். அம்புக்குறி இருந்தால் சுற்றும் திசையைப் பார்த்து இருக்க வேண்டும். கிராங்க் சக்கரத்தில் தொடங்கி, டென்ஷனர் இல்லாத பக்கமாக ஒவ்வொரு சக்கரத்திலும் ஏற்றிக்கொண்டே போய், கடைசியில் டென்ஷனருக்கு வாருங்கள். டென்ஷனர் இல்லாத பக்கம் கொஞ்சமும் தொய்வு இருக்கக் கூடாது. அங்கே தொய்வு இருந்தால், டென்ஷனர் இழுக்கும்போது அந்தத் தொய்வு போய், கேம் மார்க் அரைப் பல்லோ ஒரு பல்லோ நகர்ந்துவிடும்.

பல் சரியாக விழவில்லை, மார்க்கும் பெல்ட் பல்லும் அரைப் பல் வித்தியாசத்தில் நிற்கின்றன என்றால், கேம் சக்கரத்தை ஸ்பேனரால் அந்த அரைப் பல் மட்டும் நகர்த்தி, பெல்ட்டை ஏற்றி, மறுபடி மார்க்குக்கே இழுத்து வாருங்கள். இழுக்கும்போது தொய்வில்லாப் பக்கம் விறைக்கும் திசையில் இழுக்க வேண்டும். எழுதி வைத்த பல் எண்ணிக்கையோடு ஒருமுறை ஒப்பிட்டுவிட்டு டென்ஷனரை விடுங்கள். ஸ்ப்ரிங் வகையானால் போல்ட்டைத் தளர்த்தினால் தானே இழுக்கும், ஹைட்ராலிக் வகையானால் பின்னை உருவ வேண்டும்.

கையால் இரண்டு சுற்று

கிராங்க் போல்ட்டில் நீளமான ராட்செட். மெதுவாக, ஒரே சீராக, வழக்கமான திசையில் இரண்டு முழுச் சுற்று. நடுவில் எங்காவது கட்டையாகத் தட்டி நின்றால் அங்கேயே நிறுத்துங்கள். கொஞ்சம் அழுத்திப் பார்க்கலாம் என்ற எண்ணமே வேண்டாம். ஹீட்டர் பிளக் இல்லாத என்ஜினில் கம்ப்ரஷன் இப்படி நிறுத்தாது, அது பிஸ்டனும் வால்வும் தொடும் இடம். கிராங்க்கைப் பின்னால் திருப்பி, பெல்ட்டைக் கழற்றி முதலிலிருந்து தொடங்குங்கள்.

தட்டாமல் சுற்றி வந்துவிட்டால், மூன்று மார்க்கும் அதனதன் இடத்தில் நிற்கின்றனவா என்று பாருங்கள். ஒன்று ஒரு பல் தள்ளி நின்றால் மறுபடியும் பிரிக்கத்தான் வேண்டும். சரியாக இருந்தால் மேனுவல் சொல்லும்படி டென்ஷனர் போல்ட்டை இறுக்கி, இன்னும் இரண்டு சுற்று சுற்றிப் பார்த்துவிடுங்கள்.

புதியவர்கள் குழம்பும் இடம் ஒன்று உண்டு. பெல்ட்டில் போட்டிருக்கும் கோடுகளோ செயினில் இருக்கும் நிறக் கண்ணிகளோ இரண்டு சுற்றுக்குப் பிறகு மார்க்குக்கு நேராக வராது. பெல்ட் பற்களின் எண்ணிக்கை வேறு என்பதால் அவை எங்கோ தள்ளிப் போயிருக்கும். கியர் வண்டியில் நடுவே இருக்கும் ஐட்லர் கியரின் மார்க்கும் இதேபோல்தான், பல சுற்றுக்குப் பிறகே மறுபடி சேரும். அதைப் பார்த்து தப்பாகிவிட்டது என்று பிரித்துவிடாதீர்கள். சரிபார்க்க வேண்டியது பல்சக்கரத்தின் மார்க்கும் என்ஜின் உடலின் மார்க்கும் மட்டுமே. கியர் வண்டியில் கிராங்க் டாப்பில் இருக்கும்போது முதல் சிலிண்டர் வால்வுகளைப் பார்த்து உறுதி செய்யலாம்.

பம்ப் டைமிங்

பம்ப் சக்கரத்தின் மார்க் சேர்ந்துவிட்டால் வண்டி ஓடும். ஆனால் நுணுக்கமான டைமிங் பம்ப்பின் உடலைத் திருப்பித்தான் வரும். பம்ப்பைப் பிடித்திருக்கும் போல்ட்டுகள் நீளத் துளைகளில் இருப்பது அதற்காகத்தான். பம்ப்பை நீங்கள் கழற்றவே இல்லை என்றால், ஃப்ளேஞ்சில் இருக்கும் கோடு கலையாமல் இருந்தாலே போதும்.

கழற்றியிருந்தால் டயல் கேஜ் (நுண்ணிய நகர்வை முள்ளால் காட்டும் அளவுகருவி) வேண்டும். ரோட்டரி பம்ப்பின் பின்பக்க நடுப் பிளக்கை எடுத்து அதில் கேஜை மாட்டுங்கள். குளிர்நேர ஸ்டார்ட்டுக்கான அட்வான்ஸ் (டீசலை முன்கூட்டியே அடிக்க வைக்கும்) லீவர் இருந்தால் அது விடுபட்டிருக்க வேண்டும், இல்லாவிட்டால் அளவு தவறும். கிராங்க்கை டாப்பிலிருந்து பின்னால் திருப்பிக்கொண்டே வந்தால் ஓரிடத்தில் முள் அசையாமல் நிற்கும். அங்கே பூஜ்யம் வைத்து, மேனுவல் சொல்லும் மார்க் வரை முன்னால் திருப்பி, முள் காட்டும் மில்லிமீட்டரைப் பாருங்கள். குறைந்தால் பம்ப் உடலை ஷாஃப்ட் சுற்றும் திசைக்கு எதிராகத் திருப்புங்கள், அட்வான்ஸ் ஆகும். கூடினால் அதே திசையில்.

காமன் ரெயில் வண்டிகளில் டீசல் அடிக்கும் நேரத்தை ஈசியூ என்ற என்ஜின் கம்ப்யூட்டர் பார்த்துக்கொள்வதால் இந்த அளவு கிடையாது. கிராங்க்கும் கேமும் ஒத்துவராவிட்டால் ஸ்கேனரில் பி0016 என்ற கோட் வரும்.

முதல் ஸ்டார்ட்

கவர், புல்லி, ஹீட்டர் பிளக், ஃபேன் பெல்ட் எல்லாம் மாட்டி, கூலன்ட் ஊற்றி, டீசல் லைனில் ஏர் எடுத்துவிட்டு ஸ்டார்ட் செய்யுங்கள். ஸ்டார்ட் ஆகக் கஷ்டப்பட்டு, டீசல் நாற்றத்தோடு வெள்ளைப் புகை தள்ளி, இழுவையும் இல்லாவிட்டால் பம்ப் டைமிங் பின்தங்கியிருக்கிறது. சுத்தியல் அடிப்பது போலக் கடினமான சத்தம் வந்தால் முன்னேறிவிட்டது, அந்தச் சத்தத்தோடு ஓட்ட வேண்டாம். ஏர் மிச்சமிருந்தாலும் வெள்ளைப் புகையும் திணறலும் வரும் என்பதால், பம்ப்பைத் தொடுவதற்கு முன் ஒருமுறை ஏர் எடுத்துப் பாருங்கள்.

டேஷ்போர்டில் டைமிங் பெல்ட் விளக்கு உள்ள வண்டியானால் அதை ரீசெட் செய்துவிட்டு, ஓடியிருக்கும் கிலோமீட்டரையும் தேதியையும் டைமிங் கவரின் மேலேயே பெயிண்ட் பேனாவால் எழுதி வையுங்கள்.