ஒரு போர் விமான ஸ்குவாட்ரனின் வரலாற்றை நாமே தொகுப்பது எப்படி?

கோயம்புத்தூரிலிருந்து திருச்சி சாலையில் சூலூரைக் கடப்பவர்களுக்கு அந்த இரைச்சல் பழகிப்போன ஒன்று. முதலில் வானம் கிழிவதுபோல ஓசை வரும். நாம் தலையை நிமிர்த்துவதற்குள் விமானம் போய்விட்டிருக்கும். 2020 மே 27 அன்று சூலூர் விமானப்படைத் தளத்தில் தேஜஸ் போர் விமானங்களுடன் ஒரு ஸ்குவாட்ரன் செயல்பாட்டுக்கு வந்தது. விமானம் புதியது என்பதால் படைப்பிரிவும் புதியது என்றே முதலில் நினைத்துக்கொண்டேன். அதன் பெயர் 18ஆம் ஸ்குவாட்ரன். 1965இல் பிறந்தது.

விமானப்படை வரலாற்றில் ஆர்வம் உள்ளவர்கள் பெரும்பாலும் விமானங்களின் வேகத்தையும் ஏவுகணைகளின் தூரத்தையும் மனப்பாடம் செய்வதோடு நின்றுவிடுகிறோம். ஒரு ஸ்குவாட்ரனை எடுத்துக்கொண்டு அதன் கதையைத் தொடக்கத்திலிருந்து தொகுத்துப் பாருங்கள், ருசியே வேறு. ஒரு நோட்டுப் புத்தகமும் பென்சிலும் போதும். 18ஆம் ஸ்குவாட்ரனையே உதாரணமாக வைத்துச் செய்து காட்டுகிறேன்.

படி 1: எண்ணைப் பிடித்துக்கொள்ளுங்கள்

விமானங்கள் வரும், போகும். விமானிகள் சில ஆண்டுகளில் மாற்றலாகிப் போவார்கள். தளமும் மாறும். மாறாமல் இருப்பது எண்ணும், சின்னமும், குறிக்கோள் வாசகமும்தான். எனவே நோட்டின் முதல் பக்கத்தில் இவற்றை மட்டும் எழுதுங்கள். நம் உதாரணத்தில்: எண் 18. செல்லப் பெயர் ‘பிளையிங் புல்லட்ஸ்’, அதாவது பறக்கும் தோட்டாக்கள். குறிக்கோள் ‘தீவ்ர ஔர் நிர்பய’. விரைவும் அச்சமின்மையும் என்று பொருள். பிறந்த நாள் 1965 ஏப்ரல் 15.

நாட்டின் பெயரையும் பக்கத்திலேயே எழுதிவிடுங்கள். பிரிட்டன் விமானப்படையிலும் 18ஆம் ஸ்குவாட்ரன் உண்டு, பாகிஸ்தான் விமானப்படையிலும் உண்டு. இணையத்தில் வெறும் எண்ணை வைத்துத் தேடினால் சினூக் ஹெலிகாப்டர் படம் வந்து நிற்கும். அது பிரிட்டன்காரர்களுடையது.

படி 2: நான்கு பத்திகள் கொண்ட கட்டம் போடுங்கள்

காலம், விமானம், தளம், எங்கிருந்து தெரிந்துகொண்டோம் என்று நான்கு பத்திகள். நான்காவது பத்தியைப் பலர் விட்டுவிடுவார்கள். ஆறு மாதம் கழித்து ஒரு தேதி தவறு என்று சந்தேகம் வரும்போது அதன் அருமை தெரியும்.

18ஆம் ஸ்குவாட்ரனின் விமானப் பத்தியில் நான்கு பெயர்கள் வரிசையாக வரும்: நாட், அஜீத், மிக்-27, தேஜஸ். முதல் பெயரைத் தமிழில் எழுதும்போது ஒரு சிக்கல். வேற்றுமை உருபு சேர்த்து ‘நாட்டின் விமானி’ என்று எழுதினால் தேசபக்திக் கட்டுரைபோல் ஆகிவிடும். ‘நாட் விமானத்தின் விமானி’ என்றே எழுதுங்கள்.

பிரிட்டனில் ஃபாலண்ட் நிறுவனம் வடிவமைத்த இந்த விமானம், பெங்களூரில் இந்துஸ்தான் ஏரோநாட்டிக்ஸ் நிறுவனத்தில் உரிமம் பெற்றுத் தயாரிக்கப்பட்டது. நீளம் 9 மீட்டருக்கும் குறைவு. நம் ஊர் டவுன் பஸ்ஸைவிடச் சின்னது. அந்த உடம்புக்குள் இரண்டு 30 மில்லிமீட்டர் பீரங்கிகள். எதிரி விமானியின் கண்ணுக்குச் சட்டென்று தென்படாத சிறு உருவம்தான் அதன் பெரிய பலம். கேடயமும் அதுதான் என்று சொல்லலாம்.

அடுத்து வந்த அஜீத், நாட் விமானத்தை நம்மவர்கள் செப்பனிட்டு மேம்படுத்திய வடிவம். இங்கே தேதிகளைச் சோதிக்கும் ஒரு வழியைச் சொல்லிவிடுகிறேன். யாராவது “1974இலேயே இந்த ஸ்குவாட்ரனில் அஜீத் சேர்ந்துவிட்டது” என்று எழுதியிருந்தால் என்ன செய்வீர்கள்? அஜீத்தின் முதல் மாதிரி விமானம் எப்போது பறந்தது என்று பாருங்கள். 1975 மார்ச்சில்தான். பிள்ளை பிறப்பதற்கு முன் பள்ளிக்கூடத்தில் சேர்க்க முடியாது. அந்த வரியை அடித்துவிடலாம்.

மிக்-27 வானச் சண்டைக்கான விமானம் அல்ல. தரை இலக்குகளைத் தாக்குவதற்காகப் பிறந்தது. அப்படியென்றால் இது போர் விமான ஸ்குவாட்ரன்தானா என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. ஒரு ஸ்குவாட்ரனின் வேலை காலத்துக்கேற்ப மாறும். கட்டத்தில் விமானத்துக்குப் பக்கத்தில் வேலையையும் ஒரு சொல்லில் குறித்துவைத்தால் குழப்பம் இல்லை.

படி 3: அடுத்த வீட்டுப் பெருமையை இங்கே சேர்க்காதீர்கள்

நான் வழுக்கி விழுந்த இடம் இது. நாட் விமானம் என்றாலே 1971 நவம்பர் 22இல் நடந்த போய்ரா சண்டை நினைவுக்கு வரும். நான்கு நாட் விமானங்கள் கிழக்கு எல்லையில் பாகிஸ்தானின் சேபர் போர் விமானங்களை எதிர்கொண்ட சண்டை. அன்று பிடிபட்ட பாகிஸ்தான் விமானிகளில் ஒருவரான பர்வேஸ் மெஹ்தி குரேஷி பின்னாளில் அந்நாட்டு விமானப்படைத் தளபதியே ஆனார். இவ்வளவு சுவையான கதையை விடுவேனா? 18ஆம் ஸ்குவாட்ரன் கணக்கில் எழுதி நண்பர்களிடம் வாசித்தும் காட்டிவிட்டேன். விமானப்படையில் பணியாற்றி ஓய்வு பெற்ற பெரியவர் ஒருவர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, “தம்பி, அது 22ஆம் ஸ்குவாட்ரன்” என்றார். அவ்வளவுதான் சொன்னார்.

அதேபோல 1965 செப்டம்பர் 3 அன்று இந்திய விமானி டிரெவர் கீலர் சேபர் விமானத்தோடு சண்டையிட்ட சம்பவம் 23ஆம் ஸ்குவாட்ரனைச் சேர்ந்தது. ஒரே விமானத்தைப் பல ஸ்குவாட்ரன்கள் ஓட்டும். விமானத்தின் பெயரை மட்டும் பார்த்துக் கதையை இழுத்துக்கொண்டு வந்தால் என் கதிதான்.

பதவிப் பெயர்களிலும் கவனம் வேண்டும். ‘ஸ்குவாட்ரன் லீடர்’ என்றால் ஸ்குவாட்ரனின் தலைவர் என்று பொருள் இல்லை; அது ஒரு பதவிப் படிநிலை, அவ்வளவே. ‘பிளையிங் ஆபீசர்’ என்பதை ‘பறக்கும் அதிகாரி’ என்று மொழிபெயர்த்தவர்களும் உண்டு. தயவுசெய்து வேண்டாம்.

படி 4: ஒரு நாளை எடுத்து நெருங்கிப் பாருங்கள்

ஐம்பத்தைந்து ஆண்டுகளையும் ஒரே அளவில் எழுத முயன்றால் அது அலுவலகக் கோப்பாகிவிடும். ஒரு நாளைத் தேர்ந்தெடுத்து அதற்கு மட்டும் நான்கு பக்கம் ஒதுக்குங்கள். 18ஆம் ஸ்குவாட்ரனுக்கு அந்த நாள் எது என்பதில் சந்தேகமே இல்லை: 1971 டிசம்பர் 14, ஸ்ரீநகர்.

முதலில் அங்கே அவர்கள் ஏன் இருந்தார்கள் என்று கேளுங்கள். 1948இலிருந்து தொடர்ந்த சர்வதேச உடன்பாடு ஒன்றின் காரணமாக, 1971 இந்திய–பாகிஸ்தான் போர் மூளும்வரை ஸ்ரீநகரில் வான் பாதுகாப்பு விமானங்கள் நிறுத்தப்படவில்லை. போர் தொடங்கியதும் 18ஆம் ஸ்குவாட்ரனின் ஒரு சிறு பிரிவு அங்கே இறங்கியது. சுற்றிலும் மலை, டிசம்பர் குளிர், காலை மூடுபனி, பழகாத நிலப்பரப்பு.

அன்று பெஷாவரிலிருந்து ஆறு சேபர் விமானங்கள் வந்தன. தயார் நிலையில் இருந்த இருவர்: பிளைட் லெப்டினென்ட் குமன், அவருக்குத் துணையாக பிளையிங் ஆபீசர் நிர்மல் ஜித் சிங் சேகோன். லூதியானா மாவட்டத்துக் கிராமத்துக்காரர் சேகோன். 1967இல் பணியில் சேர்ந்தவர். ஓடுபாதையில் குண்டு விழுந்துகொண்டிருக்கும்போது மேலெழுவது தற்கொலைக்குச் சமம். தரையில் ஓடும் விமானத்தால் வளையவோ ஒதுங்கவோ முடியாது. முன்னால் போன குமன் மேலெழுந்துவிட்டார். பின்னால் சேகோன், குண்டு கிளப்பிய புழுதிக்குள்ளிருந்து கிளம்பினார். சக்கரங்கள் தரையை விட்ட உடனேயே, குண்டு வீசிவிட்டுத் திரும்பிய இரண்டு சேபர் விமானங்களின் பின்னால் போய்ச் சேர்ந்துகொண்டார்.

அந்தப் பனிமூட்டத்தில் குமனால் அவரைப் பார்க்க முடியவில்லை. மற்ற சேபர் விமானங்கள் உதவிக்கு வந்து சேர்ந்தன. மரத்தின் உச்சியைத் தொடும் உயரத்தில் ஒற்றை நாட் விமானம், சுற்றிலும் நான்கு. தன் விமானத்தில் அடிபட்டுவிட்டதாகத் தோன்றுகிறது என்று வானொலியில் சொல்லி, குமனைத் துணைக்கு அழைத்ததுதான் கடைசியாகக் கேட்ட குரல். விமானத்தின் சிதைவுகள் பள்ளத்தாக்கு ஒன்றில் கிடைத்தன. உடல் கிடைக்கவே இல்லை. இந்திய விமானப்படையில் நாட்டின் மிக உயர்ந்த போர்க்கால வீர விருதான பரம் வீர் சக்கரம் பெற்றவர் இன்றுவரை அவர் ஒருவர்தான்.

இதை எழுதும்போது பெயரடைகளைக் குறைத்துக்கொள்ளுங்கள். ‘சிங்கம்போல் பாய்ந்தார்’ என்பதைவிட, தரையில் ஓடும் விமானத்தால் வளைய முடியாது என்ற ஒரு தகவல் அதிகம் சொல்லும்.

படி 5: எதிர்த்தரப்பின் கணக்கையும் எடுத்துவையுங்கள்

அன்று சேகோன் எத்தனை விமானங்களை வீழ்த்தினார்? நம் பக்கத்துக் கட்டுரைகள் பலவற்றில் ‘இரண்டு’ என்று இருக்கும். விருது உரையோ இரண்டு சேபர் விமானங்கள் மீது அவருடைய குண்டுகள் பட்டதைச் சொல்கிறது. பட்டதும் வீழ்ந்ததும் ஒன்றல்ல. பாகிஸ்தான் தரப்பு எழுத்துகள் ஆறும் திரும்பிவிட்டன என்கின்றன. 1965இல் கீலரின் குண்டு பட்ட சேபரும் சேதத்தோடு வீடு போய்ச் சேர்ந்தது என்பதே அவர்களுடைய கணக்கு. காற்றில் சில நொடிகள் நீடிக்கும் சண்டையில், புகை கக்கியபடி போன விமானம் விழுந்ததா தப்பியதா என்று பார்த்துக்கொண்டிருக்க யாருக்கும் நேரம் இருக்காது. பொய் சொல்கிறார்கள் என்று இரு தரப்பில் எவரையும் திட்டுவதற்கு முன் இதை நினைத்துக்கொள்ளுங்கள்.

என் வழக்கம் இதுதான்: “இந்தியத் தரப்பின்படி”, “பாகிஸ்தான் தரப்பின்படி” என்று இரண்டு வரிகள். சேகோனின் வீரம் இதனால் ஒரு துளியும் குறையவில்லை. அவர் விருது பெற்றது எண்ணிக்கைக்காக அல்ல, குண்டு மழைக்குள் கிளம்பியதற்காகவும் ஒற்றையாக நின்றதற்காகவும்.

விருது உரைகளைப் பாதுகாப்பு அமைச்சகத்தின் வீரதீர விருதுகளுக்கான இணையதளத்தில் படிக்கலாம். அரசின் செய்திக் குறிப்புகள் தேதிகளுக்கு நல்ல துணை. ஓய்வு பெற்ற விமானிகளின் நினைவுக் குறிப்புகள் சூழலைத் தரும். தேதிகளுக்கு அவற்றை மட்டும் நம்பாதீர்கள். முப்பது ஆண்டு கழித்துச் சொல்லும்போது செவ்வாய் புதனாகிவிடும்.

படி 6: காலியான ஆண்டுகளையும் எழுதுங்கள்

2015 நவம்பரில் இந்த ஸ்குவாட்ரனுக்குக் குடியரசுத் தலைவரின் கொடி வழங்கப்பட்டது. ஒரு படைப்பிரிவுக்குக் கிடைக்கக்கூடிய பெரிய கௌரவம். அடுத்த ஐந்தே மாதத்தில், 2016 ஏப்ரல் 15 அன்று, ‘நம்பர் பிளேட்’ செய்துவிட்டார்கள். அதாவது ஸ்குவாட்ரன் கலைக்கப்பட்டது என்று பொருள் அல்ல. விமானங்களும் ஆட்களும் இல்லாமல் எண் மட்டும் பூட்டிவைக்கப்படுகிறது. பழைய மிக்-27 விமானங்கள் ஓய்வு பெற்றுக்கொண்டிருந்தன, அவற்றின் இடத்துக்கு வர வேண்டியவை வந்துசேரவில்லை. அந்தத் தேதியை மறுபடி பாருங்கள். பிறந்ததும் ஏப்ரல் 15. சரியாக 51 ஆண்டுகள்.

நான்கு ஆண்டுகள் கழித்து, 2020 ஏப்ரல் 1 அன்று சூலூரில் பூட்டு திறந்தது. மே 27 அன்று அப்போதைய விமானப்படைத் தளபதி பதௌரியா வந்து செயல்பாட்டைத் தொடங்கிவைத்தார். இங்கே இரண்டு தேதிகளையும் தனித்தனியாக எழுத வேண்டும். உயிர்பெற்றது ஒரு நாள், செயல்பாட்டுக்கு வந்தது இன்னொரு நாள். இரண்டையும் ஒன்றாக்கி எழுதுவது தொடக்கக்காரர்கள் எல்லாரும் செய்வது.

சூலூருக்கு வந்த முதல் தேஜஸ் ஸ்குவாட்ரன் இதுவல்ல என்பதையும் சேர்த்துவிடுங்கள். 45ஆம் ஸ்குவாட்ரன் 2018இலேயே பெங்களூரிலிருந்து அங்கே வந்துவிட்டது. 18ஆம் ஸ்குவாட்ரனின் தனிச்சிறப்பு, இறுதிச் செயல்பாட்டு அனுமதி பெற்ற தேஜஸ் வடிவத்தை முதலில் பெற்றது. அந்த வடிவம் பறந்தபடியே எரிபொருள் நிரப்பிக்கொள்ளும்.

எனக்குப் பிடித்த பொருத்தம் வேறு. நாட் அதன் காலத்தில் மிகச் சிறிய போர் விமானங்களில் ஒன்று. தேஜஸும் இன்றைய போர் விமானங்களில் சிறியவற்றுள் ஒன்று. இடையில் வந்த மிக்-27தான் குடும்பத்தில் உருவம் பெருத்தவர்.

படி 7: கடைசி வரியைப் பென்சிலில் எழுதுங்கள்

கட்டத்தின் காலப் பத்தியில் ‘2020 –’ என்று போட்டுக் கோட்டுக்கு வலப்புறம் வெறுமையாக விடுங்கள். ‘இன்றுவரை’ என்று மையில் எழுதாதீர்கள். தளம் மாறலாம், விமானத்தின் வடிவம் மாறலாம், எண் மறுபடி பூட்டப்படலாம். என் நோட்டில் மிக்-27 வரியில் மையால் எழுதிய ‘இன்றுவரை’யை பிளேடால் சுரண்டியதில் தாள் கிழிந்து, பின்பக்கத்திலிருந்த ஸ்ரீநகர் குறிப்பில் பாதி போய்விட்டது.