நாயைக் குளிப்பாட்டினால் மட்டும் உண்ணி போகாது

கொழும்பில் வெள்ளவத்தை, கொட்டாஞ்சேனைப் பக்கம் நாய் வளர்க்கும் வீடுகளில் பெரும்பாலும் காணப்படுவது பழுப்பு நிற நாய் உண்ணி. பசியோடிருக்கும்போது தட்டையாக, ஏறத்தாழ 3 மில்லிமீற்றர்தான். இரத்தம் குடித்த பெண் உண்ணியோ சாம்பல் நிறத்தில் பருத்து 1 சென்ரிமீற்றரைத் தொடும். இரண்டையும் வெவ்வேறு பூச்சிகள் என்று நினைப்பவர்கள் பலர். குஞ்சுக்கு ஆறு கால்கள், வளர்ந்ததற்கு எட்டு. குதித்தால் அது தெள்ளு; உண்ணி குதிக்காது, பறக்காது. நாயின் முலைக்காம்பையும் மருவையும் உண்ணி என்று பிடித்து இழுப்பவர்களும் உண்டு. முதலில் மயிரை விலக்கி, வெளிச்சத்தில் கால்கள் தெரிகின்றனவா என்று பாருங்கள்.

பெரிய தவறு, நாயை மட்டும் கவனித்துவிட்டு வீட்டை விட்டுவிடுவது. இந்த உண்ணி வாழ்நாளில் மூன்று தடவை நாயில் ஏறி, மூன்று தடவையும் இறங்கிவிடும். குஞ்சு குடித்துவிட்டு இறங்கிச் சுவர் வெடிப்பில் தோல் கழற்றும். அடுத்த பருவமும் அப்படியே. கடைசியில் பெண் உண்ணி இறங்கி ஆயிரக்கணக்கில் முட்டையிடும். நாயின் காதுக்குள் நீங்கள் எண்ணுவது மொத்தத்தில் சிறுபங்கு. உண்ணி மேல்நோக்கி ஏறும் பழக்கமுள்ளது என்பதால் நிலத்தைத் துடைப்பது போதாது. கதவு நிலை, யன்னல் திரையின் மடிப்பு, படச்சட்டத்தின் பின்புறம், சுவரும் கூரைத்தட்டும் சேரும் மூலை ஆகியவற்றை ரோர்ச் அடித்துத் தேடுங்கள். வெடிப்புகளைச் சீமெந்தால் அடையுங்கள். மருந்து ஒருமுறை அடித்துவிட்டு நிம்மதியாக இருக்கக்கூடாது. அது முட்டைகளை அவ்வளவாகக் கொல்லாது. பொரித்து வருபவற்றுக்காக இரண்டு மூன்று வார இடைவெளியில் திரும்ப அடிக்க வேண்டும். வளர்ந்த உண்ணி மாதக்கணக்கில் பட்டினி கிடக்கும். முன்பு இருந்தவர்கள் நாய் வைத்திருந்த அனெக்ஸுக்குக் குடிபோகிறீர்கள் என்றால் சாமான் இறக்குமுன் சுவர்களைப் பாருங்கள்.

மண்ணெண்ணெயோ வீட்டுப் பூச்சி மருந்தோ நாயின் மேல் ஊற்றவே வேண்டாம். தோல் வெந்துபோகும், நக்கினால் விஷம் உள்ளே போகும். கழுத்தில் விடும் சொட்டு மருந்தை நாயின் நிறைக்கு ஏற்ற அளவில் வாங்குங்கள். பெரிய நாய்க்குரியதை இரண்டு குட்டிகளுக்குப் பங்கிட்டால் எந்தக் குட்டிக்கு எவ்வளவு போனது என்று தெரியாது. பிப்ரோனில் சொட்டு என்றால் முன்னும் பின்னும் இரண்டு நாளுக்குக் குளிப்பாட்டக்கூடாது. எல்லாவற்றையும் விட முக்கியம்: பெர்மெத்ரின் கலந்த நாய் மருந்தைப் பூனைக்கு விடாதீர்கள். பூனை நடுங்கி வலிப்பு வந்து செத்தும் போகலாம். தவறி விட்டிருந்தால் பாத்திரம் கழுவும் சவர்க்காரத்தால் கழுவி உடனே மிருக வைத்தியரிடம் ஓடுங்கள். நாய் சாப்பிடாமல் படுத்து, முரசு வெளிறி, சிறுநீர் கோப்பி நிறமாகப் போனாலும் ஒரு நாள் தாமதிக்க வேண்டாம். உண்ணி பரப்பும் பபீசியா என்ற ஒட்டுண்ணிக் கிருமி இரத்தத்தில் இருக்கலாம்.

மனிதரைக் கடித்த உண்ணியைத் தாமதிக்காமல், ஆனால் பதறாமல் பிடுங்க வேண்டும். தீக்குச்சி, வாசிலின், எண்ணெய் எதுவும் வேண்டாம். அது விடுபடும்வரை காத்திருக்கும் நேரமெல்லாம் கிருமிக்குக் கிடைக்கும் நேரம். கூர்முனைச் சாமணத்தால் தோலோடு ஒட்டிப் பிடித்து, முறுக்காமல், நேராக, ஒரே சீராக மேலே இழுங்கள். வயிற்றைப் பிடித்து நசுக்காதீர்கள். வாய்ப்பகுதி உள்ளே முறிந்தால் ஊசியால் தோண்ட வேண்டாம். தோல் தானே வெளியே தள்ளும். இடத்தையும் கையையும் சவர்க்காரம் போட்டுக் கழுவுங்கள். நகத்தில் வைத்துக் குத்தும் பழக்கத்தையும் விடுங்கள்: அந்தச் சாறு கண்ணிலோ புண்ணிலோ பட்டாலும் நோய் தொற்றலாம். பிடுங்கிய உண்ணியை ஸ்பிரிற் போத்தலில் போட்டுத் திகதி எழுதி வையுங்கள்.

இலங்கையில் உண்ணி காதுக்குள் போவதும் அடிக்கடி நடக்கிறது, சிறுபிள்ளைகளில் குறிப்பாக. காதுக்குள் சாமணமோ பட்ஸோ விடாதீர்கள், செவிப்பறை கிழியும். ஆஸ்பத்திரியில் எடுப்பியுங்கள்.

யால, வில்பத்து, மாடு மேயும் ஊர்ப்பக்கம், அல்லது இங்கேயே தலங்கம, பெத்தகான சதுப்புநிலப் பாதைகள் எங்கே போனாலும் புல் நுனியில் உண்ணி காத்திருக்கும். வெளிர் நிற நீளக் காற்சட்டையைச் சொக்ஸுக்குள் செருகுங்கள். வந்ததும் அக்குள், தொப்புள், இடுப்பு, முழங்காலின் பின்புறம், காதின் பின்புறம் பாருங்கள். கடுகு போலக் குஞ்சுகள் கூட்டமாக ஏறியிருந்தால் ஒவ்வொன்றாகக் கிள்ளாமல் செலோ டேப்பை ஒற்றி எடுங்கள்.

‘உண்ணிக் காய்ச்சல்’ என்று பலர் சொல்லும் ஸ்க்ரப் டைபஸை உண்ணி பரப்புவதில்லை. கண்ணுக்கு எளிதில் தெரியாத, மைற் எனும் சிற்றுயிரின் குஞ்சுதான் பரப்புகிறது. அதனால் ‘உடம்பில் உண்ணி எதுவும் இருக்கவில்லையே’ என்று விட்டுவிடக்கூடாது. உண்ணி பரப்புவது புள்ளிக் காய்ச்சல். கடித்து இரண்டு வாரத்துக்குள் கடுங்காய்ச்சல், தலையிடி, உள்ளங்கை உள்ளங்காலிலும் பரவும் சிவப்புப் புள்ளிகள் வரும். இரண்டிலும் சிகரெட் சுட்டது போன்ற கறுப்புப் பொருக்குக் காணப்படலாம். கொழும்பில் காய்ச்சல் என்றாலே டெங்கு என்று நினைக்கிறோம்; டெங்கிலும் இந்தக் காய்ச்சல்களிலும் பிளேற்லெட் குறையலாம் என்பதால் குழப்பம் கூடும். டெங்கு இல்லை என்று உறுதியாகும்வரை பரசிற்றமோல் தவிர வேறு வலிமாத்திரை எடுக்காதீர்கள். பாமசியில் அமொக்ஸிசிலின் வாங்கி விழுங்குவதிலும் பயனில்லை, இந்தக் கிருமிகளுக்கு அது வேலை செய்யாது. டொக்ஸிசைக்கிளின் போன்ற மருந்தை வைத்தியர் தொடங்க வேண்டும், அதுவும் தாமதிக்காமல். எந்த நாளில், எங்கே போனீர்கள், வீட்டில் நாய் உண்டா, எந்த இடத்தில் கடித்தது என்பதை அவர் கேட்கும்வரை காத்திராமல் நீங்களே சொல்லி, திகதி எழுதிய அந்தப் போத்தலையும் மேசையில் வையுங்கள்.